இரண்டு பக்கமும் ப இருந்தால் பையன் தடுமாறுகிறான். எப்படிச் சொல்லிக்கொடுக்கலாம்?

#1 தேன்மலர்

எல்லோருக்கும் வணக்கம். அக்கா மகனுக்குப் பதின்மூன்று வயது. ஒரு மாதமாக மாலையில் நான்தான் அவனுக்குக் கணக்குச் சொல்லித்தருகிறேன். தெரியாத எண்ணை நாங்கள் ப என்று எழுதுகிறோம். 3ப + 5 = 20 மாதிரி இருந்தால் தாளே வேண்டாம், வாயாலேயே சொல்லிவிடுவான். "இருபதுல அஞ்சு போனா பதினஞ்சு, மூணால வகுத்தா அஞ்சு." அவ்வளவுதான்.

நேற்று 7ப − 4 = 3ப + 12 கொடுத்தேன். பென்சில் நின்றுவிட்டது. கொஞ்ச நேரம் தாளையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்புறம் 7ப + 3ப = 12 − 4 என்று எழுதி, அடுத்த வரியில் 10ப = 8 என்றான். நான் கூடவே இருந்து திருத்தி 4ப = 16 வரைக்கும் கொண்டுவந்தேன். அதற்கடுத்த வரி ப = 16 − 4 = 12.

"ஏன்டா கழிச்சே?" என்று கேட்டேன். "நாலு அந்தப் பக்கம் போகுதுல்ல சித்தி, அப்ப குறி மாறணும்ல" என்கிறான்.

அவன் கவனமில்லாமல் செய்யவில்லை. வகுப்பில் சொல்லிக்கொடுத்த விதியை நம்பித்தான் செய்கிறான். அதனால்தான் எனக்குக் கவலை. எங்கே பிடித்துத் திருத்துவது?

#2 படிக்கட்டு

விதியைப் பாதிதான் கேட்டிருக்கிறான், அக்கா. அந்தப் பக்கம் போகும்போது கூட்டல் கழித்தலாகும், கழித்தல் கூட்டலாகும், பெருக்கல் வகுத்தலாகும், வகுத்தல் பெருக்கலாகும். இந்த நாலையும் ஒரு அட்டையில் எழுதி மேசைமேல் ஒட்டிவைத்து, தினம் பத்துக் கணக்குப் போடச் சொல்லுங்கள். இரண்டே வாரத்தில் கை பழகிவிடும். நான் அப்படித்தான் கற்றுக்கொண்டேன். இன்றுவரை தப்பு வந்ததில்லை.

#3 பழைய கணக்காசிரியர்

படிக்கட்டு சொல்வது தப்பில்லை. ஆனால் இந்தப் பையனுக்கு அது மருந்தாகாது என்று நினைக்கிறேன். ஒரு விதியைத் தவறான இடத்தில் வைத்தவனிடம் இன்னும் மூன்று விதிகளைக் கொடுத்தால், தவறாக வைக்க மூன்று இடம் கூடுகிறது.

நானும் முதல் சில வருடங்கள் "அந்தப் பக்கம் போனால் குறி மாறும்" என்றுதான் சொல்லிக்கொடுத்தேன். பிறகு நிறுத்திவிட்டேன். தேன்மலரின் பையன் எழுதிய அதே 16 − 4, வருடா வருடம் எத்தனையோ தாள்களில் என் கண்ணில் பட்டதுதான் காரணம். 4ப என்றால் நாலு ப. அந்த 4 ப-வைப் பெருக்கிக்கொண்டு ஒட்டியிருக்கிறது. ஆனால் அதற்கும் ப-வுக்கும் நடுவே பெருக்கல் குறி கண்ணுக்குத் தெரிவதில்லை. மாற்றுவதற்குக் குறி தேடும் பிள்ளைக்கு அங்கே குறியே இல்லை. முன்னால் குறி இல்லாவிட்டால் கூட்டல் என்று ஏற்கெனவே சொல்லிவைத்திருக்கிறோம். எனவே கழிக்கிறான். அவன் பக்கம் நியாயம் இருக்கிறது.

எதுவும் எந்தப் பக்கமும் போவதில்லை என்பதிலிருந்து தொடங்குங்கள் அம்மா. இரண்டு பக்கமும் சமம் என்று யாரோ நமக்குச் சொல்லியிருக்கிறார்கள். சமமான இரண்டுக்கும் ஒரே வேலையைச் செய்தால் அவை சமமாகவே இருக்கும்.

7ப − 4 = 3ப + 12
இரண்டிலும் 3ப-வைக் கழித்தால்: 4ப − 4 = 12
இரண்டிலும் 4-ஐக் கூட்டினால்: 4ப = 16
இரண்டையும் 4-ஆல் வகுத்தால்: ப = 4

சரிபார்க்க, இடப்பக்கம் 28 − 4 = 24. வலப்பக்கம் 12 + 12 = 24.

செய்யும் வேலையை வேறு நிற மையில் இரண்டு பக்கத்துக்கும் அடியில் எழுதச் சொல்லுங்கள். 7ப-வுக்குக் கீழே −3ப, 3ப-வுக்குக் கீழேயும் −3ப. வலப்பக்கம் 3ப-வும் −3ப-வும் சேர்ந்து மறைவதை அவன் கண்ணால் பார்க்க வேண்டும். "குறி மாறியது" என்று நாம் சொல்வது அதன் நிழல்தான்.

#4 நூலகத்தூண்

ஒருபக்கம் ப இருந்தால் எளிதாகவும் இரண்டு பக்கமும் இருந்தால் கடினமாகவும் இருப்பது தற்செயல் இல்லை. மெக்ஸிகோவைச் சேர்ந்த ஃபியோய், ரோஹானோ என்ற கணிதக் கல்வி ஆய்வாளர்கள் 1989-ல் இதைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார்கள். எண்கணிதத்துக்கும் இயற்கணிதத்துக்கும் நடுவே ஒரு வெட்டு விழுவது சரியாக இந்த இடத்தில்தான் என்பது அவர்கள் வாதம்.

காரணம் இதுதான். 3ப + 5 = 20-ஐத் தீர்க்க ப-வைத் தொடவே வேண்டாம். 20 என்ற தெரிந்த எண்ணை எடுத்து, நடந்ததை எல்லாம் பின்னாலிருந்து அவிழ்த்துக்கொண்டு வந்தால் போதும். அக்கா மகன் வாயால் செய்வது அதைத்தான். அது எண்கணிதம். 7ப − 4 = 3ப + 12-ல் அவிழ்க்கத் தொடங்குவதற்கு ஒரு எண்ணே இல்லை, இரண்டு முனையிலும் முடிச்சு. முதல் தடவையாக, எவ்வளவு என்றே தெரியாத 3ப-வைக் கையில் எடுத்துக் கழிக்க வேண்டும். "தெரியாததை எப்படிக் கழிப்பது?" என்று ஒரு பிள்ளை நின்றால், அது நல்ல கேள்வி.

இன்னொன்று. சமக்குறியை அவன் எப்படிப் படிக்கிறான் என்று பாருங்கள். "இனி விடை வரும்" என்று படிக்கிறானா, "இதுவும் அதுவும் ஒன்று" என்று படிக்கிறானா? சோதிக்க ஆய்வாளர்கள் பயன்படுத்தும் கணக்கு ஒன்று உண்டு: 8 + 4 = ▢ + 5. கட்டத்தில் என்ன வரும் என்று மட்டும் கேளுங்கள். வேறு எதுவும் சொல்லாதீர்கள்.

#5 தேன்மலர்

கேட்டேன். யோசிக்காமல் 12 என்று எழுதினான்.

நான் ஒன்றும் சொல்லவில்லை. "வலது பக்கம் மொத்தம் எவ்வளவு?" என்று மட்டும் கேட்டேன். "பதினேழு" என்றான். அப்புறம் இடப்பக்கத்தைப் பார்த்தான். மறுபடி வலப்பக்கத்தைப் பார்த்தான். 12-ஐ அழித்துவிட்டு 7 எழுதினான். "ரெண்டு பக்கமும் பன்னெண்டு ஆகணுமா? நான் எட்டும் நாலும் எவ்வளவுன்னு கேக்குதுன்னு நெனச்சேன்."

இத்தனை நாள் இதைக் கேட்காமலே சமன்பாடு சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்திருக்கிறேன். நூலகத்தூண் அவர்களுக்கு மனமார்ந்த நன்றி.

#6 எண்விளையாட்டு

இங்கே ஒரு வாரம் தங்குங்கள், அவசரப்படாதீர்கள். ப-வைத் தீர்ப்பதற்கு முன்னால் ப-வுக்கு எண் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். அதே கணக்குதான், 7ப − 4 ஒருபக்கம், 3ப + 12 மறுபக்கம்.

ப = 0 என்றால் −4, 12. இடைவெளி 16.
ப = 1 என்றால் 3, 15. இடைவெளி 12.
ப = 2 என்றால் 10, 18. இடைவெளி 8.
ப = 3 என்றால் 17, 21. இடைவெளி 4.
ப = 4 என்றால் 24, 24.

இதில் என்ன நடக்கிறது என்று அவனையே சொல்லச் சொல்லுங்கள். இரண்டு பக்கத்தையும் நடக்கும் இரண்டு பேராக நினைத்துக்கொள்ளுங்கள், ப ஒன்று கூடினால் ஓர் அடி. ஒவ்வொரு அடிக்கும் இடப்பக்கம் 7 ஏறுகிறது, வலப்பக்கம் 3 ஏறுகிறது. பின்னால் இருப்பவர் அடிக்கு 4 வீதம் நெருங்குகிறார். தொடக்கத்தில் 16 பின்தங்கியிருந்தார். 16-ஐ 4-ஆல் வகுத்தால் 4 அடியில் பிடித்துவிடுவார்.

இப்போது ஐயா எழுதிய வரிகளைத் திரும்பப் பாருங்கள். அங்கே வந்த 4ப = 16 இதுதான். 4 என்பது நெருங்கும் வேகம், 16 என்பது முதல் இடைவெளி. அந்த 4ப-வுக்கு அர்த்தம் தெரிந்த பிள்ளை 16-லிருந்து 4-ஐக் கழிக்கவே மாட்டான். நாலு நாலாகக் குறையும் இடைவெளிக்கு எத்தனை அடி என்று கேட்டால் யாராக இருந்தாலும் வகுக்கத்தான் செய்வார்கள்.

#7 படிக்கட்டு

அழகாக இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் விடை 13 என்றால் பதினான்கு வரி போடுவதா? விடை பின்னமாக இருந்தால் அட்டவணையில் அது வரவே வராதே? தேர்வில் இதற்கெல்லாம் நேரம் ஏது?

#8 எண்விளையாட்டு

அட்டவணை முழுவதும் போட வேண்டாம். 0-வும் 1-ம் போதும். இடைவெளி எவ்வளவு, ஓர் அடியில் எவ்வளவு குறைகிறது, இரண்டும் தெரிந்துவிடும். அதற்கு மேல் ஒரு வகுத்தல்தான். 5ப + 1 = 3ப + 8 என்று வைத்துக்கொள்ளுங்கள். 0-வில் இடைவெளி 7, அடிக்கு 2 குறையும். மூன்றரை அடியில் சேரும். ப = 3.5. இடப்பக்கம் 17.5 + 1, வலப்பக்கம் 10.5 + 8, இரண்டும் 18.5. முழு எண்ணில் கால் வைக்காமலே நடுவில் சந்திக்கிறார்கள், அவ்வளவுதான்.

தேர்வில் ஐயா எழுதிய மூன்று வரியைத்தான் எழுத வேண்டும். அந்த மூன்று வரி என்ன சொல்கிறது என்று தெரிந்துகொள்ள அட்டவணை.

#9 ஏட்டுச்சுவடி

எண்விளையாட்டு சொன்னதைப் படித்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை. இந்த வழி மிகப் பழையது. கி.பி. 499-ஐ ஒட்டி ஆரியபட்டர் எழுதிய ஆரியபட்டீயத்தின் கணிதப் பகுதியில் இதற்கென்றே ஒரு செய்யுள் இருக்கிறது. இரண்டு பேரிடம் விலை தெரியாத குளிகைகள் சிலவும் கையில் காசு கொஞ்சமும் இருக்கின்றன. இருவர் செல்வமும் சமம். காசுகளின் வித்தியாசத்தைக் குளிகைகளின் வித்தியாசத்தால் வகுத்தால் ஒரு குளிகையின் மதிப்பு வரும் என்கிறார். முதல் இடைவெளியை நெருங்கும் வேகத்தால் வகு என்பதும் இதுவும் ஒன்றுதானே! பிரம்மகுப்தரும் 628-ல் எழுதிய நூலில் இந்த விதியைத் தருகிறார்.

இரண்டாம் பாஸ்கரர் 1150 வாக்கில் எழுதிய பீஜகணிதத்தில் வரும் கணக்கு இன்னும் சுவையானது. ஒருவரிடம் 6 குதிரையும் 300 காசும் உள்ளன. இன்னொருவரிடம் 10 குதிரை, ஆனால் 100 கடன். குதிரைகள் எல்லாம் ஒரே விலை, இருவரும் சமமான செல்வர்கள். ஒரு குதிரை என்ன விலை? நம் எழுத்தில் 6ப + 300 = 10ப − 100. விடை 100. இருவருக்கும் 900.

அவர்கள் எழுதிய முறையைத்தான் முக்கியமாகச் சொல்ல வந்தேன். தெரியாத எண்ணுக்கு யாவத்-தாவத் என்று பெயர், "எவ்வளவோ அவ்வளவு" என்று பொருள். சுருக்கமாக யா. தெரிந்த எண்ணுக்கு ரூபம், சுருக்கமாக ரூ. சமக்குறி கிடையாது, அது 1557-ல்தான் ராபர்ட் ரெக்கார்டின் நூலில் வருகிறது. இரண்டு பக்கத்தையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதுவார்கள்:

யா 6   ரூ 300
யா 10   ரூ 100

கீழ் வரியிலுள்ள 100-க்கு மேல் ஒரு புள்ளி வைத்தால் அது கடன், அதாவது குறை எண். யா-வுக்கு நேர் கீழே யா, காசுக்கு நேர் கீழே காசு. இப்படி எழுதினால் எது எதோடு சேரும், எது எதோடு சேராது என்பதில் குழப்பமே வராது. 7ப-வையும் 12-ஐயும் கூட்டிவிடும் பிள்ளைகளுக்கு இப்படி எழுதிக் காட்டிப் பாருங்கள்.

#10 பழைய கணக்காசிரியர்

குதிரைக் கணக்கை வகுப்பில் நான் நிறையப் பயன்படுத்தியிருக்கிறேன். தராசுப் படம் காட்டுவோமே, அதில் ஒரு குறை உண்டு. 10ப − 100-ஐத் தட்டில் வைக்க முடியாது, கழித்தலுக்கு எடை கிடையாது. கடன் என்றால் உடனே புரியும். இரண்டு பேருக்கும் 100 கொடுங்கள். ஒருவர் கடன் அடையும், மற்றவர் கையில் 400 ஆகும். 6ப + 400 = 10ப. இருவரிடமிருந்தும் ஆறு குதிரையை அவிழ்த்துவிடுங்கள். 400 = 4ப.

அல்ஜீப்ரா என்ற பெயரே இந்த முதல் வேலைக்கு வந்ததுதான். ஒன்பதாம் நூற்றாண்டில் பாக்தாதில் இருந்த அல்-குவாரிஸ்மி தன் நூலில் இரண்டு வேலைகளுக்குப் பெயர் வைத்தார். குறையை இருபுறமும் கூட்டி நிரப்புவது அல்-ஜபர். இருபுறமும் இருக்கும் ஒரே மாதிரியானதை எடுத்துவிடுவது அல்-முகாபலா. குதிரைக் கணக்கில் இரண்டும் அடுத்தடுத்து வந்துவிட்டன, பாருங்கள்.

400 = 4ப என்று ப வலப்பக்கம் நின்றால் சில பிள்ளைகள் பதறி, திரும்ப எல்லாவற்றையும் புரட்டிப்போட்டுக் குறியில் தவறுவார்கள். வேண்டாம். எந்தப் பக்கம் ப குறைவோ அந்தப் பக்கத்து ப-வை இரண்டிலும் கழித்தால் கெழு, அதாவது ப-வைப் பெருக்கும் எண், நேர் எண்ணாகவே இருக்கும். ப வலப்பக்கம் நிற்பதில் ஒரு குற்றமும் இல்லை.

#11 மழைக்காகிதம்

நான் ஆசிரியர் பயிற்சியில் இருக்கிறேன். போன வாரம் ஒரு மாணவி 5ப = 3ப-வுக்கு "இரண்டு பக்கமும் ப-ஆல் வகுத்தேன், 5 = 3 வருது, அதனால தீர்வு இல்லை" என்று எழுதியிருந்தாள். இரண்டு பக்கமும் ஒரே வேலையைத்தான் செய்திருக்கிறாள். எங்கே தப்பு என்று விளக்க எனக்குச் சட்டென்று வரவில்லை. தீர்வே இல்லாத சமன்பாட்டிலிருந்து இதை எப்படிப் பிரித்துக் காட்டுவது?

#12 எண்விளையாட்டு

ப 0-வாக இருக்கலாமே. 0-ஆல் வகுக்க முடியாது. தெரியாத எண்ணைக் கூட்டலாம், கழிக்கலாம், ஆனால் வகுக்கும் முன் அது 0 இல்லை என்று தெரிந்திருக்க வேண்டும். 3ப-வை இருபுறமும் கழித்தால் 2ப = 0, ஆக ப = 0. இடைவெளியாகப் பார்த்தால் இருவரும் ஒரே கோட்டில் சேர்ந்து நின்று புறப்படுகிறார்கள். சந்திப்பு தொடக்கத்திலேயே முடிந்துவிட்டது.

4ப + 1 = 4ப + 7 வேறு கதை. இருவருக்கும் ஒரே வேகம், இடைவெளி எப்போதும் 6. எந்நாளும் சேர மாட்டார்கள். அதுதான் தீர்வு இல்லை. 2(ப + 3) = 2ப + 6 என்றால் ஒரே வேகம், இடைவெளியும் இல்லை. எந்த எண் போட்டாலும் சமம், அதாவது முற்றொருமை. கடைசி வரியில் 0 = 6, 0 = 0, ப = 0 என்று வரும் மூன்றும் பிள்ளைகள் கண்ணுக்கு ஒரே மாதிரி தெரியும். மூன்றையும் அடுத்தடுத்துப் போடச் சொல்லுங்கள்.

#13 படிக்கட்டு

இதெல்லாம் படித்த பிறகு நேற்றிரவு தங்கையின் நோட்டை எடுத்துப் பார்த்தேன். ஒன்று புரியவில்லை. கணக்கு: 9 − 2(ப − 3) = ப + 3. அவள் முதலில் 9-லிருந்து 2-ஐக் கழித்து 7(ப − 3) = ப + 3 என்று எழுதியிருக்கிறாள். அது தப்பு, எனக்கே தெரியும். ஆனால் 7ப − 21 = ப + 3, 6ப = 24, ப = 4 என்று வருகிறது. சரிபார்த்தால் இடப்பக்கம் 9 − 2 × 1 = 7, வலப்பக்கம் 7. சரியாக இருக்கிறதே!

#14 பழைய கணக்காசிரியர்

நல்ல கண் உங்களுக்கு. ப = 4 என்றால் ப − 3 = 1. ஒன்றால் பெருக்கும்போது 9 − 2 × 1-ம் (9 − 2) × 1-ம் ஒன்றுதான். அதனால் தப்பான வழி சரியான ஊருக்கே போய்ச் சேர்ந்துவிட்டது. சரியான வழி: 9 − 2ப + 6 = ப + 3, 15 − 2ப = ப + 3, 12 = 3ப, ப = 4.

வலப்பக்கத்தை ப + 6 என்று மாற்றிக் கொடுங்கள். சரியான வழியில் ப = 3 வரும், இருபக்கமும் 9. தங்கை வழியில் 4.5 வரும், அதைப் போட்டால் இடப்பக்கம் 6, வலப்பக்கம் 10.5. அப்போது அவளே பிடித்துவிடுவாள். எண் போட்டுப் பார்ப்பது விடை சரியா என்று சொல்லும். வந்த வழி சரியா என்று சொல்லாது. அதனால் விடை சரியாக வந்த தாளையும் வரி வரியாகப் படிக்க வேண்டியிருக்கிறது.

பின்னம் வந்தாலும் இதே கவனம்தான். (2ப + 1)/3 = (ப + 5)/2 என்றால் இரண்டு பக்கத்தையும் 6-ஆல் பெருக்குங்கள். 2(2ப + 1) = 3(ப + 5), 4ப + 2 = 3ப + 15, ப = 13. குறுக்குப் பெருக்கல் என்று தனியாக ஒரு மந்திரம் வேண்டாம்.

#15 படிக்கட்டு

அந்த அட்டையைக் கிழித்துவிடச் சொல்ல மாட்டேன், எனக்கு அது உதவியது. ஆனால் தங்கையிடம் இனி முதலில் அதைக் கொடுக்க மாட்டேன். நன்றி ஐயா.

#16 தேன்மலர்

பத்து நாள் கழித்து வருகிறேன். அட்டவணை, நிற மை, குதிரைக் கணக்கு மூன்றும் செய்தோம். நேற்று 2ப + 9 = 5ப + 15 கொடுத்தேன். வேண்டுமென்றேதான் கொடுத்தேன்.

ஓரத்தில் சின்னதாக எழுதினான். "சைபர் போட்டா ஒன்பது, பதினஞ்சு. வித்தியாசம் ஆறு. ஒண்ணு போட்டா பதினொண்ணு, இருபது. ஒன்பது." நிமிர்ந்தான். "தூரமாப் போகுது சித்தி." நான் ஒன்றும் பேசவில்லை. "அப்ப ஏற்கெனவே பாத்துட்டாங்க. பின்னாடி போகணும்." −1 போட்டான், 7, 10. −2 போட்டான், 5, 5.

அதற்கப்புறம்தான் வரிகளை எழுதினான். இருபுறமும் பச்சை மையில் −2ப. 9 = 3ப + 15. இருபுறமும் −15. −6 = 3ப. அங்கே ஒரு நொடி நின்றான். பென்சில் முனையை 3-க்கும் ப-வுக்கும் நடுவில் வைத்து, "இது பெருக்கல்ல இருக்கு" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு வகுத்தான்.

பிறகு தாளைத் திருப்பி, 4ப + 7 = 4ப + 1 என்று அவனே ஒன்று எழுதி என் பக்கம் தள்ளினான். நான் பென்சிலை எடுப்பதற்குள், "போடாதீங்க சித்தி, ரெண்டு பேரும் ஒரே வேகம்" என்றான்.